இசக்கிமுத்து என்று கூப்பிட்டால் யார் எழுவார்

என் தகப்பனாரின் பெயரை வளைகுடாவில் அல் ஐன் நகரத்து மருத்துவமனை ஒன்றில் தினமும் ஒலிபெருக்கியில் கூப்பிடுகிறார்கள் என்று எங்கள் வீட்டில் நம்பினார்கள். அது உண்மைதான். அவரைக் கௌரவிப்பதற்காகக் கூப்பிடுகிறார்கள் என்றும் நம்பினார்கள். அது உண்மையில்லை; ஆனால் நான் மறுக்கவில்லை.

நடந்தது இதுதான். மதுரையில் என் பெயருக்கு முன்னால் தகப்பனாருடைய பெயரின் முதலெழுத்து ஒரு புள்ளியோடு நின்றது. அந்த ஓர் எழுத்துக்கு அங்கே யாரும் விளக்கம் கேட்டதில்லை. விசாவுக்கு எழுதிக் கொடுத்தபோது அதை விரித்து எழுதச் சொன்னார்கள்; விரித்தேன். விரிந்த பெயர் என் பெயருக்குப் பின்னால் போய்க் குடும்பப் பெயராக உட்கார்ந்துகொண்டது. சேலையில் குத்திக்கொள்ளும் அட்டையில் அது மட்டுமே பெரிய எழுத்தில் வந்தது. பதிவு மேசையில் இருந்த காலம் முழுவதும் நான் மிஸ் சொக்கலிங்கம். கல்யாணமாகி இரண்டு பிள்ளைகள் பெற்ற பிறகும் மிஸ் சொக்கலிங்கம்தான்.

ஒருமுறை தகப்பனார் என்னைத் தேடி மருத்துவமனைக்குத் தொலைபேசியில் பேசினார். இணைப்பகத்துப் பெண் அவரைக் காத்திருக்கச் சொல்லிவிட்டு, "சொக்கலிங்கம், சொக்கலிங்கம், பதிவு மேசைக்கு வரவும்" என்று அறிவித்தாள். வாழ்நாள் முழுவதும் தபால் நிலையத்தில் மற்றவர்கள் பெயரைப் படித்துக் கடிதம் பிரித்த மனிதர், கடல் தாண்டித் தம் பெயர் முழங்குவதைக் காதால் கேட்டார். நான் வந்து பேசியபோது அவருக்குச் சொல்ல வந்த விஷயம் மறந்துபோயிருந்தது. "எம்பேரைத்தான்மா கூப்பிட்டாங்க, நல்லாக் கேட்டுச்சு" என்று மட்டும் சொல்லிவிட்டு வைத்துவிட்டார்.

மருத்துவமனைகளின் பதிவு மேசைகளில் புதிதாக உட்காரப்போகும் உங்களுக்கு இதை முதலில் சொல்வதற்குக் காரணம் உண்டு. கணினியை இயக்க மற்றவர்கள் கற்றுத் தருவார்கள். அதைப் பற்றி நான் பேசப்போவதில்லை. எதிரே வந்து நிற்கிறவரிடம் பெயரைக் கேட்கிறீர்களே, அதைப் பற்றித்தான் எனக்குச் சொல்ல இருக்கிறது. பெயர் என்பது ஒருவர் வைத்து, இன்னொருவர் கூப்பிட்டு, மூன்றாவது ஒருவர் எழுதிக்கொள்வது. அதற்கு உரியவர் அதைத் தாமாக உபயோகிப்பது மிகக் குறைவு.

எங்கள் மேசைக்கு உலகத்தில் பாதி வந்துபோயிற்று. உள்ளூர் அரபு முதியவர் தம் பெயரைச் சொன்னால், தகப்பன், பாட்டன், முப்பாட்டன், கோத்திரம் என்று ஒரு வம்சமே வரிசையில் வந்து நிற்கும், காய்ச்சல் ஒருவருக்குத்தான். எத்தியோப்பியப் பெண்கள் நம்மைப்போலவே தகப்பன் பெயரைத் தாங்குவார்கள், கல்யாணத்துக்குப் பிறகும் விடமாட்டார்கள். அவர்களைப் பார்த்தால் எனக்குச் சொந்தக்காரர்களைப் பார்த்ததுபோல இருக்கும். பிலிப்பைன்ஸ் தேசத்துத் தலைமைச் செவிலிக்கு ஞானஸ்நானப் பெயர்கள் மூன்று. ஆனால் ஐம்பது வயதில் அவர் 'பேபி' என்று கூப்பிட்டால்தான் திரும்பிப் பார்ப்பார். ஸாபிர் என்றால் அரபியில் பொறுமையுள்ளவன் என்று பொருள். அந்தப் பெயரில் மூவரை அறிவேன். மூவரில் ஒருவர்கூட வரிசையில் நின்றதில்லை.

குல் என்றொரு பட்டாணியர் இருந்தார். கட்டுமானக் கம்பெனி ஒன்றின் ஃபோர்மேன். ஆறடிக்கு மேல் உயரம், மருதாணி இட்ட தாடி, கதவை அவர் தள்ளினால் சுவரும் சேர்ந்து நகரும். குல் என்றால் பூ. அவருக்கு இருந்தது அந்த ஒரே பெயர். எங்கள் கணினியோ மூன்று கட்டமும் நிரம்பாமல் அடுத்த பக்கத்துக்குப் போகாது. ஆகவே அவர் எங்கள் பதிவில் குல் குல் குல். மூன்று முறை பூ என்று அவரை அழைத்தபோது கூடத்தில் இருந்தவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அவர் மட்டும் கம்பீரமாக எழுந்து வந்தார்.

எனக்கு இந்த வேலையைக் கற்றுக்கொடுத்தவர் எங்கள் பகுதியின் மேற்பார்வையாளர். நாப்லூஸ் நகரத்துப் பக்கத்து அரபுப் பெண்மணி. எல்லோரும் அவரை உம் காலித் என்று அழைத்தோம். காலிதின் தாய் என்று அதற்குப் பொருள். தலைமகன் பெயரால் தாயை அழைப்பது அவர்கள் மரபு. அவருடைய சொந்தப் பெயர் எழுதிய அட்டை முக்காட்டுக்குள் எங்கோ மறைந்திருந்தது. நான் வேலைக்குச் சேர்ந்த வாரத்தில் மரியாதைக்காக, "காலித் என்ன படிக்கிறார்?" என்று கேட்டுவைத்தேன்.

"காலித் இன்னும் பிறக்கவில்லை" என்றார் அவர், கணினியிலிருந்து கண்ணை எடுக்காமல். "எனக்குக் கல்யாணமே ஆகவில்லை, பின்தி. சிறுமியாக இருந்தபோதே என் அத்தை எனக்கு இந்தப் பெயரைச் சூட்டிவிட்டாள். காலித் சோம்பேறி. வரவே இல்லை."

'பின்தி' என்றால் மகளே என்று பொருள். அவர் எல்லோருக்கும் தாய். பிறக்காத ஒருவனுக்கும் தாய். அவர் எனக்குச் சொன்னதை அப்படியே உங்களுக்குச் சொல்கிறேன். "நீங்கள்தானே இன்னார் என்று யாரையும் கேட்காதே. பயந்த மனிதன் எதற்கும் ஆமாம் என்பான். உன் பெயர் என்ன என்று கேட்டால் அரசாங்கத்துக்குச் சொல்வதைச் சொல்வான். வீட்டில் உன்னை யார் எப்படிக் கூப்பிடுவார்கள் என்று கேள். அப்போதுதான் ஆள் வெளியே வருவான்." கேட்டுத் தலையாட்டினேன். அதன் அருமை எனக்குத் தெரியவந்தது மூன்று இசக்கிமுத்துகள் வந்த பிறகுதான்.

இரண்டாயிரத்துகளின் முற்பகுதி அது. குல் வேலைபார்த்த கம்பெனி, புதிதாக வந்தவர்களையும் விசா புதுப்பிப்பவர்களையும் உடல் பரிசோதனைக்காக எங்களிடம் பஸ்ஸில் அனுப்பும். அன்றைக்கு வந்த பஸ்ஸிலிருந்து தூத்துக்குடிப் பக்கத்து ஒரே கிராமத்தைச் சேர்ந்த மூவர் இறங்கினார்கள். மூவர் பெயரும் இசக்கிமுத்து. மூவருடைய தகப்பனார் பெயரும் சுடலைமுத்து.

தென்மாவட்டத்துக்காரர்களுக்கு இதில் ஆச்சரியம் இராது. அந்தக் குடும்பத்துக்குக் குலதெய்வங்கள் இரண்டு: ஊர் எல்லையில் இசக்கி அம்மன், சுடுகாட்டுப் பக்கம் சுடலைமாடன். பிறக்கும் ஆண்பிள்ளை எந்தச் சாமியிடம் வேண்டிக்கொண்டு பிறந்ததோ அந்தச் சாமியின் பெயர் அதற்கு. இரண்டு பெயர்களை வைத்துக்கொண்டு அந்த வம்சம் பல தலைமுறைகளை ஓட்டியிருந்தது. அம்மனுக்குக் கொடுத்த வாக்கு அது. அடையாள அட்டை என்று ஒன்று வரும் என அப்போது அம்மனுக்கே தெரிந்திருக்காது.

ஒருவர் நாற்பதைத் தாண்டியவர், பழைய ஆள், கன்னத்தின் பாதியை மறைக்கும் மீசை. இன்னொருவர் முப்பதுகளில் இருந்தார், புதிதாக வந்தவர், யாரைப் பார்த்தாலும் பாதி எழுந்து நிற்பவர். மூன்றாமவர் இருபத்துச் சொச்சம் வயதுப் பையன். ஜீன்ஸ், கூந்தல் எண்ணெய், கையில் புதுக் கைப்பேசி. சௌகரியத்துக்காக மீசைக்காரர், நடுவர், இளையவர் என்று சொல்லிக்கொண்டு போகிறேன்.

எக்ஸ்ரே அறைக்கு வெளியே இருந்து உதவியாளர் "இசக்கிமுத்து" என்று கூப்பிட்டார். ஒருவர் போனார். மறுபடி கூப்பிட்டார், மறுபடி ஒருவர். மூன்றாம் முறை மிஞ்சியவர். கோப்பில் இருந்த பாஸ்போர்ட் நகலில் மூவர் முகமும் ஒரே அளவு கறுப்பு. மீசைகூட நிழலில் கரைந்திருந்தது. "இசக்கிமுத்து?" என்று கேட்டார்கள், ஒவ்வொருவரும் தலையாட்டினார்கள். அதில் பொய் எதுவும் இல்லை.

இரண்டு நாளில் முடிவு வந்தது. முதலில் அழைக்கப்பட்டது நடுவருடைய கோப்பு. முதல் படத்தில் வலது நுரையீரலின் மேற்பகுதியில் ஒரு நிழல். நடுவர் அன்ஃபிட். அந்தச் சொல் எழுதப்பட்டால் ஆளை ஊருக்கு அனுப்பிவிடுவார்கள். வளைகுடாவில் வேறெங்கும் மறுபடி நுழைவதும் லேசில்லை. வெள்ளிக்கிழமை விமானத்துக்குக் கம்பெனி ஏற்பாடு செய்துவிட்டது.

வியாழக்கிழமை காலையில் மூவரும் குல்லோடு என் மேசைக்கு வந்து நின்றார்கள். நான் தமிழ் பேசுகிறவள் என்று யாரோ சொல்லியிருக்கிறார்கள்.

"மேடம், நான் இருமக்கூட மாட்டேன்" என்றார் நடுவர். "பக்கத்துல படுக்கவன்கிட்ட வேணும்னா கேளுங்க."

"கொறட்டைதான் விடுவான்" என்றார் மீசைக்காரர், சாட்சி சொல்லும் தோரணையில்.

"சும்மா இரியும் அண்ணாச்சி. மேடம், எனக்கு ஊர்ல என்ன பேரு தெரியுமா? ரிட்டன். ரிட்டன் இசக்கி. மொதல்ல மஸ்கட்டுக்குப் போனேன், கம்பெனிய மூடிட்டான். பெறகு கத்தாருக்குப் போனேன், ஏஜென்டு சொன்ன வேலையே அங்க இல்ல. ரெண்டு தடவையும் கொண்டுபோன பெட்டி பிரிக்காமத் திரும்பி வந்துட்டேன். எம் பொண்டாட்டி, இந்தத் தடவ நீரு ஒழுங்கா இருந்துட்டு வந்தாத்தான் அந்தப் பேரு அழியும்னு சொல்லி அனுப்பிருக்கா. நாளைக்குப் போய் எறங்கினேன்னா அம்புட்டுதான். எம் மவளப் பள்ளிக்கூடத்துல சேக்கும்போது இனிஷியலே ரிட்டன்னு போட்டுருவானுவ."

இதைச் சொன்னபோது அவர் சிரித்தார். சிரித்தபடியே கண்ணைத் துடைத்துக்கொண்டார். அவர் கேட்டது வேலை மட்டுமல்ல என்பது எனக்குப் புரிந்தது. ஊர் சூட்டிய பெயரை எடுப்பதற்கு எந்த அலுவலகத்திலும் மனுக் கொடுக்க முடியாது. இருந்து காட்டித்தான் எடுக்க வேண்டும்.

குல் கடிகாரத்தைப் பார்த்தார். "மேடம், கலாஸ். டாக்டர் எழுதிவிட்டார், முடிந்தது. பஸ் நிற்கிறது." பிறகு நடுவரின் தோளில் தம் பெரிய கையை வைத்து ஏதோ ஆறுதல் சொன்னார். கிளம்பும்போது இளையவரைப் பார்த்து, "ஏ சித்தப்பா, ஜல்தி" என்று அதட்டினார். பட்டாணியர் வாயில் சித்தப்பா என்ற சொல்லைக் கேட்டு எனக்குச் சிரிப்பு வந்தது. தொழிலாளர்கள் தங்கும் கேம்ப்பில் பையனைக் கேலி செய்வதற்காக வைத்த பெயர் என்று நினைத்துக்கொண்டேன். அந்த நினைப்பின் விலையைப் பின்னால் சொல்கிறேன்.

அவர்கள் திரும்பி நடந்தபோது ஒன்றைக் கவனித்தேன். கதவருகே மூவரும் தயங்கி நின்றார்கள். யார் முதலில் போவது என்று ஒரு சிறிய ஒதுங்கல் நடந்தது. நம்மவர்கள் பெரியவரை விட்டுவிட்டு முன்னால் நுழையமாட்டார்கள். குல்லின் முதுகு மறைத்ததால் யார் யாருக்கு வழிவிட்டார்கள் என்பதை நான் பார்க்கவில்லை. ஆனால் ஒரே பெயரைக் கூப்பிட்டால் அங்கேயும் இப்படித்தான் ஒதுங்கியிருப்பார்கள் என்பது சட்டென்று உறைத்தது. கோப்பு யாருடையதாக இருந்தாலும் முதலில் போயிருப்பவர் மூத்தவர். அப்படியானால் முதல் படம் நடுவருடையது இல்லை. மீசைக்காரருடையது.

அவர்களை உட்காரச் சொல்லிவிட்டு டாக்டர் உஸ்மானிடம் ஓடினேன். எக்ஸ்ரே படங்களைப் பார்த்து முடிவெழுதுபவர் அவர். சூடான் நாட்டவர், மெலிந்து உயர்ந்தவர், மெதுவாகப் பேசுபவர். நான் சொன்னதைப் பொறுமையாகக் கேட்டார்.

"மிஸ் சொக்கலிங்கம், கையெழுத்துப் போட்ட முடிவு இது. அன்ஃபிட் என்று எழுதிய ஆளுக்கு மறுபடி படம் எடுக்க விதியில்லை. மாற்ற வேண்டுமென்றால் நாம் ஆளை மாற்றிவிட்டோம் என்று மேலே எழுத வேண்டும். உங்கள் ஊர் மரியாதையை நான் எந்தப் பத்தியில் எழுதுவது?"

"ஒரே ஒரு படம், டாக்டர். மீசைக்காரருக்கு."

"ஒரே ஒன்று" என்றார். "இந்த மருத்துவமனை என் மாமனாருடையது இல்லை."

மீசைக்காரரைத் தனியே அழைத்து விஷயத்தைச் சொன்னேன். ஒரு நிமிடம் மீசையைத் தடவிக்கொண்டிருந்தார். "எம் படமாத்தான் இருக்கும்னு நீங்க சொன்னா சரிதான். அந்தப் பய இருக்கட்டும். நான் பத்து வருசம் பாத்தாச்சு" என்று கிளம்பினார். அவருடைய பெருந்தன்மையைக் கண்டு நெகிழ்ந்துபோனேன். படம் எடுத்தார்கள். நுரையீரல்கள் இரண்டும் கழுவித் துடைத்த கண்ணாடிபோல இருந்தன.

டாக்டர் படத்தை விளக்கு வெளிச்சத்தில் வைத்துவிட்டு என்னைப் பார்த்தார். "உங்கள் கணக்கு தவறு. அப்படியானால் முதல் முடிவே சரி."

காலை முழுவதும் என் சாமர்த்தியத்தால் நான் சாதித்தது இவ்வளவுதான்: ஒரு மனிதருக்குக் கொஞ்ச நேரம் நம்பிக்கை கொடுத்து, இன்னொருவருக்குக் கொஞ்ச நேரம் தியாகி வேடம் கொடுத்து, இரண்டையும் திரும்ப வாங்கிக்கொண்டேன். நடுவர் எழுந்துகொண்டார். பஸ்ஸுக்குப் போகலாமா என்று மட்டும் கண்ணால் கேட்டார். என் மேசைக்குப் பின்னால் நின்றிருந்த உம் காலித்தான் பேசினார்.

"அவர்கள் யார் என்று கேட்டாயா?"

"பெயர் தெரியும், ஊர் தெரியும், வயது தெரியும்."

"அதையெல்லாம் கணினியும் சொல்லும். அவர்களுக்குள் யார் யாரை எப்படிக் கூப்பிடுகிறார்கள்?"

வெட்கத்தோடு எழுந்துபோய் மீசைக்காரரிடம் கேட்டேன். "வீட்டில் எல்லோரும் இசக்கிமுத்துதானே, ஒருவரையொருவர் எப்படிக் கூப்பிடுவீர்கள்?"

"இவன் என்ன அண்ணாச்சிம்பான். நான் இவன ஏல இசக்கின்னு கூப்பிடுவேன்" என்று நடுவரைக் காட்டினார்.

"அந்தப் பையனை?"

மீசைக்காரரின் முகம் மாறியது. நான் ஏதோ தகாததைச் சொல்லிவிட்டது போலச் சுற்றுமுற்றும் பார்த்தார். "மெதுவாப் பேசுங்க மேடம். பையன்னு சொல்லாதீய. அவிய எங்க சித்தப்பா."

"சித்தப்பாவா?"

"எங்கப்பாவுக்குக் கூடப்பொறந்த தம்பி இல்ல. எங்க தாத்தாவோட தம்பி இருந்தாவ இல்லையா, அவியளுக்குக் கடைசிக் காலத்துல பொறந்த மவன். நான் கல்யாணம் முடிக்கும்போது இவிய தொட்டில்ல கெடந்தாவ. ஆனாலும் மொறை மொறைதான மேடம். தாலி எடுத்துக் குடுக்கும்போது சித்தப்பா கையத் தொட வச்சுத்தான் குடுத்தாவ. ஒரே அழுகை."

"நான் எங்க அழுதேன்? நீதான் அழுத" என்றார் சித்தப்பா, கைப்பேசியிலிருந்து தலையெடுக்காமல். இருபத்துச் சொச்சம் வயதுக்காரர் நாற்பதைத் தாண்டியவரை 'நீ' என்றார். மீசைக்காரர் அடக்கமாகச் சிரித்தார். சில வாரங்களாகக் கேம்ப்பில் இந்தப் பேச்சைக் கேட்டுத்தான் குல் அந்தப் பையனின் பெயரே சித்தப்பா என்று முடிவு செய்திருக்கிறார். எனக்கு முன்னால் அவருக்குத் தெரிந்திருந்தது, தெரிந்தது என்று தெரியாமலே.

"அன்றைக்கு எக்ஸ்ரேக்குக் கூப்பிட்டபோது முதலில் யார் போனது?" என்று கேட்டேன்.

"இதென்ன கேள்வி மேடம்" என்றார் நடுவர். "சித்தப்பா இருக்கும்போது அவிய போவாம நாங்க எப்படிப் போவ முடியும்?"

மீசைக்காரர் பெருமூச்சு விட்டார். "நீங்க எம் படம்னு சொன்னியளே, நான் ரெண்டாவதுதான் போனேன். பெரிய படிப்புப் படிச்சவிய சொல்லுதீய, மறுத்துப் பேசக் கூடாதுன்னு இருந்துட்டேன்."

ஒரு மனிதர் எங்களோடு வாதாடக் கூச்சப்பட்டு நாடுகடத்தப்பட இருந்தார். உங்கள் மேசையின் இந்தப் பக்கம் நாற்காலி இருக்கிறது, அந்தப் பக்கம் இல்லை. அதற்குள் எத்தனையோ அடங்கியிருக்கிறது.

மறுபடி டாக்டர் உஸ்மானிடம் போனேன். இந்த முறை விளக்கவில்லை. கூடத்துக்கு வந்து ஒரு நிமிடம் நிற்கச் சொன்னேன். அவரும் உம் காலிதும் தூணருகே நின்றார்கள். நான் கோப்பை விரித்து வைத்துக்கொண்டு, யாரையும் பார்க்காமல், "இசக்கிமுத்து" என்று கூப்பிட்டேன். ஜீன்ஸ் அணிந்த சித்தப்பா எழுந்தார். மற்ற இருவரும் அசையவில்லை. உட்காரச் சொல்லிவிட்டு அடுத்த கோப்பை விரித்தேன். "இசக்கிமுத்து." அவரேதான். மூன்றாவது கோப்புக்கும் அவரே. பிறகு அவரைத் தேநீர் வாங்க வெளியே அனுப்பிவிட்டுக் கூப்பிட்டேன். மீசைக்காரர் எழுந்தார். நடுவர், தம் வாழ்க்கையே அந்தப் பெயரில் தொங்கிக்கொண்டிருந்தபோதும், அண்ணாச்சி எழுந்ததால் மரியாதையாக உட்கார்ந்திருந்தார்.

டாக்டர் உஸ்மான் முகத்தைத் தூண் பக்கம் திருப்பிக்கொண்டார். அவர் தோள்கள் குலுங்கின. அழுகிறாரோ என்று பயந்தேன். சிரித்துக்கொண்டிருந்தார்.

"எனக்கும் ஒருவர் இருக்கிறார்" என்றார் கண்ணைத் துடைத்தபடி. "தந்தையின் தம்பி. என்னைவிட ஒன்பது வயது இளையவர். பெயர் உஸ்மான், முப்பாட்டனார் பெயர், எனக்கும் அதேதான். பெருநாளன்று நான் மருத்துவக் கல்லூரியிலிருந்து ஊருக்குப் போவேன். அவர் அரைக்கால் சட்டையோடு நிற்பார். நான் குனிந்து அவர் கையை முத்தமிட வேண்டும். கையில் எப்போதும் மாம்பழம் ஒட்டியிருக்கும்."

"எந்தப் பத்தியில் எழுதுவீர்கள், டாக்டர்?" என்றேன்.

"அதை நான் பார்த்துக்கொள்கிறேன். சித்தப்பாவைக் கூட்டி வாருங்கள்." அந்தச் சொல்லை அவர் தமிழிலேயே சொன்னார்.

இப்போது நெருக்கடி வேறு இடத்துக்கு நகர்ந்தது. நடுவரைக் காப்பாற்றினால் நிழல் சித்தப்பாவின் மேல் விழும். அதை முதலில் உணர்ந்தவர் நடுவர்தான். "மேடம், அப்படின்னா வேண்டாம். நான் பழகின ஆளு. போயிட்டு வந்துருவேன்" என்றார். சித்தப்பா அவரை ஒரு பார்வை பார்த்தார். "எலே, வாய மூடிட்டு உக்காரு" என்றார். உட்கார்ந்தார்.

எக்ஸ்ரே அறையில் மருத்துவமனை அங்கியை அணியச் சொன்னபோது டாக்டர் தாமே பக்கத்தில் நின்றார். சித்தப்பா சட்டையைக் கழற்றினார். கழுத்தில் கறுப்புக் கயிறு. அதில் பாக்குக் கொட்டை அளவுக்கு ஒரு சிவப்புத் துணி முடிச்சு. அங்கி போடும்போது அதை லாகவமாக முதுகுப் பக்கம் தள்ளிவிட்டுக்கொண்டார். நான் வெளியே நின்றிருந்தேன். டாக்டர் என்னைக் கூப்பிட்டு, அது என்ன என்று கேட்கச் சொன்னார்.

"பிடிமண், மேடம்" என்றார் சித்தப்பா. முதல்முறையாக அவர் குரலில் இளைஞன் தெரிந்தான். "அம்மன் கோயில் மண்ணு. கடல் தாண்டிப் போறேன்னு எங்கம்மா கட்டிவிட்டது. கெழட்டக் கூடாது. உலோகம் இருந்தாக் கெழட்டணும்னு எழுதியிருந்தாங்க. இதுல உலோகம் இல்லியே. மண்ணுதான."

தெய்வத்தைப் புதிய இடத்தில் குடியேற்றுகிறவர்கள் பழைய கோயிலிலிருந்து ஒரு பிடி மண் எடுத்துப் போவது வழக்கம். இந்தத் தாய் அம்மனை மகனுடைய கழுத்திலேயே குடியேற்றிவிட்டாள். அவன் பெயரிலும் அவள்தான், முதுகிலும் அவள்தான்.

கழற்றச் சம்மதிக்க வைப்பது எளிதாக இல்லை. தரையில் வைக்கக் கூடாது, மேசையில் வைக்கக் கூடாது, வேறு சாதிக்காரர் தொடக் கூடாது என்று அவருடைய அம்மா சொல்லியிருந்தாளாம். மூன்றாவதைக் கேட்டு நான் புருவத்தை உயர்த்தினேன். "அது அவ சொன்னது மேடம். நான் சொல்லல" என்று அவசரமாகச் சொல்லிவிட்டு, என்னோடு உள்ளே வந்திருந்த உம் காலித் நீட்டிய உள்ளங்கையில் அதை வைத்தார். உம் காலித், படம் எடுத்து முடியும்வரை பச்சைக் குழந்தையை ஏந்தியிருப்பதுபோல ஏந்தி நின்றார். படம் சுத்தமாக வந்தது. பிறகு டாக்டர், முடிச்சை அணியச் சொல்லி முதுகுப் பக்கம் தள்ளவிட்டு, இன்னொரு படம் எடுத்தார். வலது நுரையீரலின் மேற்பகுதியில், அதே இடத்தில், அதே நிழல். மண்ணைப் படம் எடுத்தால் மங்கலாகத்தான் விழும்.

"இதோ உங்கள் நோயாளி" என்றார் டாக்டர். "பெயர் என்ன சொன்னீர்கள்?"

"இசக்கி."

"அன்ஃபிட் என்று எழுத எனக்குத் தைரியமில்லை" என்று சொல்லிவிட்டுப் பழைய முடிவின் மேல் கோடு இழுத்தார்.

குல்லுக்கு இதை விளக்கியது உம் காலித். அவர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, இளையவரை மேலும் கீழும் பார்த்தார். "அப்படியானால் சித்தப்பா என்பது பெயரில்லையா?" பெயரில்லை என்று தெரிந்ததும் சற்று யோசித்தார். பிறகு பஸ்ஸின் கதவைத் தாமே திறந்து பிடித்துக்கொண்டு சித்தப்பாவை முதலில் ஏறச் சொன்னார். பட்டாணியர் வீட்டிலும் ஒரு சித்தப்பா இருந்திருக்க வேண்டும்.

வெள்ளிக்கிழமை விமானம் ஓர் இருக்கை காலியாகப் போயிற்று. நடுவர் ஊருக்குத் தொலைபேசியில் பேசியபோது மனைவி முதலில் கேட்ட கேள்வி, "எந்த ஏர்போர்ட்லேந்து பேசுதீய?" என்பதுதானாம். மீசைக்காரர் பின்னொரு நாள் சொல்லிச் சிரித்தார்.

அதற்குப் பிறகு எங்கள் மேசையில் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டு, எழுந்தவரை உள்ளே அனுப்பும் வழக்கம் நின்றது. ஆளிடம் போய்ப் பேச ஆரம்பித்தோம். வரிசை நீண்டது. மேலிடத்தில் முணுமுணுத்தார்கள். உம் காலித் அவர்களுக்குப் பதில் சொல்லிக்கொண்டார். நீங்களும் முணுமுணுப்பைக் கேட்பீர்கள். நீளட்டும்.

தகப்பனார் மதுரையில் காலமான பிறகும் அல் ஐனில் அவர் பெயரை ஒலிபெருக்கியில் அழைத்துக்கொண்டுதான் இருந்தார்கள். ஒவ்வொரு முறையும் நான் எழுந்துபோனேன். ஓய்வுபெற்ற நாளில் அட்டையைத் திருப்பிக் கொடுக்கச் சொன்னார்கள். கொடுக்க மனமில்லாமல் தொலைந்துவிட்டது என்றேன். உம் காலித் தம் சகோதரியோடு அம்மான் என்ற நகரத்துக்குப் போய்விட்டார். டாக்டர் உஸ்மான் சூடானுக்குத் திரும்பினார். சித்தப்பாவுக்கு யான்பு துறைமுகத்தில் எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையில் நல்ல வேலை கிடைத்தது. மீசைக்காரர் மீசை நரைத்து ஊருக்குப் போனார்.

சென்ற வருடம் அல் ஐனில் இருக்கும் மகள் வீட்டுக்குப் போயிருந்தபோது பழைய மேசையை ஒருமுறை பார்த்துவரப் போனேன். கூடத்தில் நின்றிருந்தபோது உள்ளேயிருந்து ஒரு பெண், மறுபடி பழைய வழக்கப்படியே, "இசக்கிமுத்து" என்று கூப்பிட்டாள். தலை நரைத்த ஒருவர் உடனே எழவில்லை. இடப்பக்க நாற்காலியைப் பார்த்தார், வலப்பக்க நாற்காலியைப் பார்த்தார், இரண்டும் காலி என்று உறுதி செய்துகொண்டு மெதுவாக எழுந்தார். மூவரில் இன்னும் அங்கே இருப்பவர், ரிட்டன் இசக்கி.